தணலில் பிறந்தவர்கள்: கற்பனைப் பேரண்டங்களின் ஒளியுயிர்கள்

இங்கிலாந்தின் வடமேற்கிலுள்ள ஏரி மாவட்டத்தில் ஒரு குளிர்கால நாள். நடந்துவிட்டுத் திரும்பும் ஒருவன், வழியில் கிடந்த கல்லொன்றை எடுத்துவந்து கணப்பில் போடுகிறான். ஏன் போட்டான் என்று அவனுக்கே விளங்கவில்லை. கல் சூடேறுகிறது. அதிலிருந்து சின்னஞ்சிறு சுடர் ஒன்று எழுகிறது. மற்றத் தீநாக்குகளோடு சேராமல் தனியே நிற்கிறது, தனியே அசைகிறது. பிறகு அவன் மனத்துக்குள் பேசத் தொடங்குகிறது. தன் இனம் சூரியனில் பிறந்தது என்கிறது. சூரியனிலிருந்து கோள்கள் பிய்த்தெறியப்பட்டபோது தாங்களும் எறியப்பட்டோம், பூமி ஆறி இறுகியபோது பாறைக்குள் தூசாய் உறைந்துபோனோம், யாராவது நெருப்பில் இட்டால் மட்டும் கண்விழிப்போம் என்கிறது.

ஓலாஃப் ஸ்டேபிள்டன் 1947இல் வெளியிட்ட ‘தி ஃபிளேம்ஸ்’ என்ற குறுநாவல் இது. அந்தச் சுடர் மனிதனிடம் கேட்பது ஒன்றுதான்: அணுசக்தியைக் கொண்டு, எப்போதும் ஆறாத ஒரு வெப்பப் பகுதியைப் பூமியில் எங்களுக்கு உண்டாக்கிக் கொடு. அகதி கேட்கும் இடம். பேச்சு முற்றி, நம்பிக்கை முறிந்து, கடைசியில் அவன் சுடர்மேல் தண்ணீரை ஊற்றிவிடுகிறான். நாம் படித்துக்கொண்டிருப்பது மனநல விடுதியிலிருந்து அவன் தன் நண்பனுக்கு எழுதிய கடிதம்.

விண்வெளிக் கதைகளில் ஒளியால் ஆன உயிர்களுக்குப் பஞ்சமே இல்லை. நாவல், தொலைக்காட்சித் தொடர், மேசை விளையாட்டு, கணினி விளையாட்டு எல்லாவற்றிலும் அவை மிதக்கின்றன. பெரும்பாலானவை வந்து, மின்னி, மறந்துபோகின்றன. சில மட்டும் எண்பது ஆண்டு கழிந்தும் மனத்தைவிட்டு அகலவில்லை. எவை நிற்கின்றன, ஏன் நிற்கின்றன? இவற்றின் பிறப்பை விண்மீனிலும் கோள் உருவாக்கத்திலும் கொண்டுபோய் வைப்பதால் எழுத்தாளருக்குக் கிடைப்பது என்ன? இவை ஏன் எப்போதும் பேயின் சாயலிலேயே வருகின்றன? இந்த மூன்று கேள்விகளுக்கும் விடை ஒன்றுதான் என்பது என் கருத்து. அந்த விடை வெப்பம்.

சுடர் என்பது பொருளா?

முதலில் ஒளியின் சிக்கலைப் பார்த்துவிடலாம். அகல்விளக்கின் சுடருக்கு மேல் தட்டைக் கவிழ்த்துப் பிடித்துக் கண்மை எடுத்த பாட்டிகளுக்கு ஒன்று தெரியும்: சுடருக்குள் கரி இருக்கிறது. 1860-61 குளிர்காலத்தில் லண்டன் ராயல் இன்ஸ்டிட்யூஷனில் மெழுகுவர்த்தியைப் பற்றிச் சிறுவர்களுக்கு உரையாற்றிய மைக்கேல் ஃபாரடே காட்டியதும் அதைத்தான். சுடரின் மஞ்சள் வெளிச்சம் வெப்பத்தில் ஒளிரும் நுண்ணிய கரித்துகள்களிலிருந்து வருகிறது. எண்ணெய் திரி வழியே ஏறுகிறது, எரிகிறது, புகையாய்ப் போகிறது. பொருள் கணந்தோறும் மாறுகிறது, வடிவம் மட்டும் நிற்கிறது. நம் உடலும் ஏறக்குறைய அப்படித்தான். அதனால்தான் சுடரைப் பார்த்து உயிர் என்று சொல்ல மனிதனுக்குச் சிரமமே இருந்ததில்லை.

ஆனால் சுடர் வேறு, ஒளி வேறு. ஒளித்துகளான ஃபோட்டானுக்கு நிறை இல்லை. வெற்றிடத்தில் ஒளிவேகத்தில் அல்லாமல் அதனால் இருக்கவே முடியாது. இரண்டு ஒளிக்கற்றைகளைக் குறுக்கே விட்டால் ஒன்றையொன்று கண்டுகொள்ளாமல் கடந்துபோகும். நிற்காதது, ஒன்றோடொன்று ஒட்டாதது எப்படி நினைவை வைத்துக்கொள்ளும்? எப்படித் தனக்கென்று ஓர் எல்லையை வகுத்துக்கொள்ளும்? எல்லையும் நினைவும் இல்லாததை உயிர் என்று எப்படிச் சொல்வது?

இயற்பியலாளர்களும் இந்த இடத்தில் நின்று யோசித்திருக்கிறார்கள். 1955இல் ஜான் வீலர் ‘ஜியான்’ என்றொரு கருத்தை முன்வைத்தார். போதிய அளவு ஒளியை ஓரிடத்தில் திரட்டினால் அதன் ஆற்றலே ஈர்ப்பை உண்டாக்கி, அந்த ஒளியைச் சுற்றிச் சுற்றி வரவைத்துக் கட்டிப்போடும் என்றார். ஒளியே உடல், ஒளியே கட்டு. கணக்கு அழகாக இருந்தது. ஆனால் இத்தகைய உருண்டை நிலைக்காது, சற்றே அசைந்தாலும் கலைந்துவிடும் என்று பின்னர் தெரிந்தது. 1999இல் லேன ஹாவ் குழுவினர் கடுங்குளிரூட்டிய சோடியம் அணுக்களின் நடுவே ஒளியை நொடிக்கு 17 மீட்டராக மெதுவாக்கினார்கள். சைக்கிளில் வேகமாக மிதித்தால் கூடவே போகலாம். 2013இல் ஹார்வர்டிலும் எம்.ஐ.டி.யிலும் பணியாற்றிய ஆய்வாளர்கள் குளிர்ந்த ருபிடியம் அணுக்கூட்டத்துக்குள் இரண்டு ஃபோட்டான்களை ஒன்றையொன்று பற்றிக்கொண்டு போகச் செய்தார்கள்.

சோடியம், ருபிடியம், கரித்துகள். எந்தச் சோதனையிலும் ஒளியைப் பிடித்துவைத்தது ஒளி அல்லாத இன்னொன்று. ஒளியுயிரைப் படைக்கும் எழுத்தாளர் முதலில் விடைசொல்ல வேண்டிய கேள்வியும் இதுதான்: எந்தப் பாத்திரத்தில் ஊற்றி வைக்கப் போகிறீர்கள்? விண்மீனையும் நெபுலாவையும் பிறப்பிடமாகச் சொல்பவர்கள், தெரிந்தோ தெரியாமலோ, பாத்திரத்தைக் காட்டிவிடுகிறார்கள்.

விண்மீனில் பிறந்தவை

இந்த மரபின் முதல் பெரும் பெயர் ஸ்டேபிள்டன்தான். லிவர்பூல் பகுதியில் தொழிலாளர் கல்வி வகுப்புகளில் பாடம் நடத்திய தத்துவக்காரர். முதல் உலகப் போரில் ஆயுதம் தொட மறுத்து, குவேக்கர்களின் ஆம்புலன்ஸ் பிரிவில் வண்டி ஓட்டியவர். 1937இல் வந்த ‘ஸ்டார் மேக்கர்’ நாவலில் அவர் முழுப் பேரண்டத்தின் வரலாற்றையும் எழுதினார். அதில் நெபுலாக்களுக்கு உணர்வு உண்டு. அவற்றிலிருந்து திரண்ட விண்மீன்களுக்கும் உண்டு. நம் கணக்கில் ஈர்ப்பு விதிக்கு உட்பட்ட வெறும் பாதை, விண்மீனுக்குத் தான் விரும்பி ஆடும் கூத்து. கோள்களில் வாழும் நாகரிகங்கள் இது தெரியாமல், பயணத்துக்காக ஒரு விண்மீனை அதன் பாதையிலிருந்து தள்ளப் பார்க்கின்றன. விண்மீன் வெடித்துக் கோள்களைப் பொசுக்கிவிடுகிறது. நமக்குப் பேரழிவு, அதற்கு மேலே ஊர்ந்த பூச்சியைத் தட்டிவிட்ட மாதிரி. விண்மீனின் ஆற்றல் முழுவதையும் சுற்றி வளைத்துப் பயன்படுத்தும் யோசனையை இந்த நாவலிலிருந்தே பெற்றதாக இயற்பியலாளர் ஃப்ரீமன் டைசன் பின்னாளில் சொன்னார். ‘டைசன் கோளம்’ என்று இன்று புழங்கும் கருத்தின் வேர் ஒரு கதை.

‘ஸ்டார் மேக்கர்’ மலை உச்சியிலிருந்து பார்ப்பது. பத்தாண்டு கழித்து எழுதிய ‘தி ஃபிளேம்ஸ்’ அடுப்பங்கரையில் உட்கார்ந்து பார்ப்பது. பின்னதுதான் என்னைப் பொறுத்தவரை கூடுதல் வெற்றி. அங்கே ஒளியுயிருக்கு ஒரு தேவை இருக்கிறது. அதற்கு ஓர் ஊர் இருந்தது. அந்த ஊரின் பெயர் ஒரு வெப்பநிலை. கோள்களின் பிறப்பைச் சூரியனிலிருந்து பிய்ந்து வந்த பொருளோடு இணைத்துச் சொன்ன ஜேம்ஸ் ஜீன்ஸ் போன்றோரின் கோட்பாடு அந்தத் தலைமுறையில் செல்வாக்கோடு இருந்தது. இன்று அதை யாரும் ஏற்பதில்லை. கதை மட்டும் சாயவில்லை. கோள் எப்படிப் பிறந்தது என்ற விவரம் மாறிவிட்டது. வெப்பத்தில் உருவான ஒழுங்கு குளிரில் குலையும் என்ற அடிப்படை மாறவில்லை.

இதே அடிப்படையில் ஆர்தர் சி. கிளார்க் எழுதிய சிறுகதை 1958இல் வந்த ‘அவுட் ஆஃப் த சன்’. 1956இல் இலங்கையில் குடியேறி 2008இல் இறக்கும்வரை அங்கேயே வாழ்ந்தவர், வெயிலுக்குப் பழகிய தீவில் இருந்துகொண்டு சூரியனின் உள்ளிருந்து வரும் ஒன்றைப் பற்றி எழுதினார். புதன் கோளில் ஒரு சூரிய ஆய்வு நிலையம். ஒரு சீற்றத்தின்போது சூரியன் எதையோ உமிழ்கிறது. ரேடார் திரையில் அது வாயுக் குமிழியாகத் தெரியவில்லை. ஓரம் இருக்கிறது, உள்ளே பின்னல் போன்ற அமைப்பு இருக்கிறது, வடிவம் கலையாமல் வருகிறது. பார்ப்பவர்கள் வாயடைத்து நிற்க, அது வந்து புதனின் இருண்ட பக்கத்தில் மோதுகிறது. அந்தக் குளிரில் அதன் கதை முடிகிறது. அவ்வளவுதான் கதை. போர் இல்லை, பேச்சுவார்த்தை இல்லை. நம் கணக்கில் எதுவும் தாங்காத சூட்டிலிருந்து வந்த ஒன்று, விறைத்துச் செத்தது.

இந்தக் கதை எழுதப்பட்டபோது புதன் ஒரே முகத்தைத்தான் சூரியனுக்குக் காட்டும், மறுபக்கம் என்றென்றும் இரவு என்று நம்பினார்கள். 1965இல் அரெசிபோ ரேடார், புதன் ஏறத்தாழ 59 நாளுக்கு ஒருமுறை தன்னைத்தானே சுற்றுகிறது என்று காட்டியது. என்றென்றும் இரவு போய், நீண்ட இரவு வந்தது. அந்த நீண்ட இரவிலும் புதனின் தரை பூச்சியத்துக்குக் கீழே சுமார் 180 டிகிரிக்கு இறங்குகிறது. சூரியப் பிறவி சாக அது போதும். கதை பிழைத்தது.

மூன்றாவது உதாரணம் டேவிட் பிரின் 1980இல் எழுதிய ‘சன்டைவர்’. மனிதர்கள் சூரியனின் மேலடுக்குக்குள் கப்பலில் இறங்குகிறார்கள். அங்கே காந்தப்புலத்தை மேய்ந்து வாழும் வளைய வடிவ உயிர்கள் மந்தை மந்தையாக இருக்கின்றன. அவற்றை மேய்ப்பவை போல நடுவே நழுவி நழுவித் தெரிபவற்றைச் ‘சூரியப் பேய்கள்’ என்கிறார்கள். ஒருசில பேய்கள் மனித உருவத்தில் வந்து மிரட்டுகின்றன. இங்கேதான் பிரின் கெட்டிக்காரர். அந்த மனித உருவப் பேய்கள் பொய். கப்பலில் வந்த வேற்றுக்கோள்வாசி ஒருவன் தன் கண்ணிலிருந்து பாய்ச்சிய லேசர் ஒளியால் காட்டிய பொம்மலாட்டம். உண்மையானவை மனித உருவம் இல்லாதவை. ஒளியுயிருக்குக் கை, கால், முகம் வரைந்து தள்ளும் நூற்றுக்கணக்கான படைப்புகளுக்கு இதைவிட நல்ல விமர்சனம் கிடையாது: நம்மைப் போல இருந்தால் அது ஏமாற்று.

சாட்சிகளின் கதி

சதுப்பு நிலத்தில் இரவில் தோன்றி நகரும் வெளிச்சத்தைத் தமிழில் கொள்ளிவாய்ப் பிசாசு என்றார்கள். வங்கத்தில் ஆலேயா, கட்ச் பகுதியின் பன்னிப் புல்வெளியில் சிர் பத்தி என்று ஒவ்வோர் ஊரிலும் ஒரு பெயர். அழுகும் தாவரங்களிலிருந்து எழும் வாயு என்பது பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். விளக்கத்தைவிட இந்தக் கதைகளின் கட்டுக்கோப்பு எனக்கு முக்கியம். பார்த்தவன் தனியாக இருப்பான். நெருங்கினால் வெளிச்சம் விலகும். மறுநாள் கூட்டமாகப் போனால் ஒன்றும் இருக்காது. அவனுக்குக் காய்ச்சல் கண்டிருக்கும், அவ்வளவே சாட்சியம்.

ஒளியுயிர்க் கதைகளும் இதே கட்டுக்கோப்பில்தான் நடக்கின்றன. போலந்து எழுத்தாளர் ஸ்டானிஸ்லாவ் லெம் 1964இல் வெளியிட்ட ‘உண்மை’ என்ற சிறுகதையில், கைப்பிடி இல்லாத கதவும் திறக்காத சன்னலும் உள்ள அறைக்குள் உட்கார்ந்து ஒருவர் எழுதிக்கொண்டிருக்கிறார். அவர் பிளாஸ்மா ஆய்வாளர். வாயுவை மிகக் கடும் வெப்பத்துக்குக் கொண்டுபோய்க் காந்தப் பொறிக்குள் அடைக்கும் சோதனை. படச்சுருளை மெதுவாக ஓட்டிப் பார்த்தபோது, கண்ணிமைக்கும் நேரத்துக்குள் அந்த நெருப்புக்குள் ஏதோ உருவாகி, அசைந்து, மாறியதைக் கண்டார்கள். சோதனையைப் பெரிதாக்கினார்கள், விபத்தில் முடிந்தது. மிஞ்சிய அவர் சொல்வது இதுதான்: நெருப்பில் உயிர் உண்டு, விண்மீன்களே அதன் இயல்பான இடம், குளிர்ந்த கோளின்மேல் ஒட்டிக்கொண்டிருக்கும் நாம்தான் விதிவிலக்கு. யாரும் நம்பவில்லை.

ஸ்டேபிள்டனின் மனிதன் மனநல விடுதியில். லெம்மின் ஆய்வாளரும் அப்படி ஓர் அறையில். லிவர்பூலுக்கும் கிராக்கோவுக்கும் நடுவே, பதினேழு ஆண்டு இடைவெளியில், இரண்டு எழுத்தாளர்களும் தங்கள் சாட்சியை ஒரே மாதிரி இடத்தில் பூட்டிவைத்ததற்குக் காரணம் இருக்கிறது. பார்த்தவனிடம் தடயம் மிஞ்சாது. சூட்டில் பிறந்தது நம் அறையின் குளிரைத் தாங்காது. கையில் எடுத்துக் காட்ட முடியாது. புகைப்படத்தில் ஒரு கீற்று, ரேடாரில் ஒரு புள்ளி, அடுப்பில் நனைந்த சாம்பல். காட்ட முடியாததைப் பார்த்தவனை உலகம் எங்கே வைக்கும் என்பது தெரிந்ததே.

ஆகவே ஒளியுயிரின் பேய்த்தன்மை அது மங்கலாக மினுக்குவதிலிருந்து வருவதில்லை. அதன் பிறப்பிடத்துக்கும் நம் வீட்டுக்கும் இடையிலுள்ள வெப்ப வேறுபாட்டிலிருந்து வருகிறது. விண்வெளி நிகழ்வில் பிறந்தது என்று சொன்ன உடனேயே, நம்மிடம் வந்தால் சாகும் என்பதும் சொல்லியாயிற்று. சாகும் என்றால் தடயம் இல்லை என்பதும் சொல்லியாயிற்று. பேய் தானாக வந்து உட்கார்ந்துவிடுகிறது.

தூசியும் காந்தமும்

விண்மீனைவிடக் குளிர்ந்த இடங்களில் பிறந்தவை இன்னொரு வகை. 1957இல் வானியலாளர் ஃப்ரெட் ஹாயில் எழுதிய ‘த பிளாக் கிளவுட்’ நாவலில் ஒரு பெரும் வாயு மேகம் சூரியனை நோக்கி வந்து அதை மறைத்துக்கொள்கிறது. பூமியில் கோடிக்கணக்கானோர் சாகிறார்கள். மேகத்துக்கு அது தெரியவே தெரியாது. அது வெயில் காய வந்திருக்கிறது. மூலக்கூறுகளின் பின்னலே அதன் மூளை, மின்காந்த அலைகளே அதன் நரம்பு. திடமான கோளின்மேல் அறிவுள்ள உயிர் இருக்க முடியும் என்பது மேகத்துக்கு ஆச்சரியம். ஈர்ப்பு உங்களைச் சின்னதாகவே வைத்திருக்கிறதே என்பதுபோல் இருக்கிறது அதன் பார்வை. வானொலியில் பேசும்போது ‘பிக் பேங்’ என்ற சொல்லை 1949இல் உருவாக்கியவர் ஹாயில், ஆனால் அந்தக் கோட்பாட்டை ஏற்காதவர். எனவே பேரண்டத்துக்குத் தொடக்கம் உண்டு என்பதை அவருடைய மேகமும் ஏற்பதில்லை. ஆசிரியரின் கட்சியில் சேர்ந்த வேற்றுயிர்! மேகத்தின் அறிவைத் தன் மூளைக்குள் வாங்க முயலும் விஞ்ஞானி இறந்துபோகிறான். இங்கேயும் சாட்சி தப்பவில்லை.

கிரெகரி பென்ஃபோர்டு பிளாஸ்மா இயற்பியலாளர். 2000இல் அவர் எழுதிய ‘ஈட்டர்’ நாவலில் ஒரு சிறு கருந்துளையைச் சுற்றியுள்ள காந்தப்புலத்தில் ஓர் அறிவு குடியிருக்கிறது. துளை விழுங்குவதன் வெப்பத்தில் அது வாழ்கிறது. பாத்திரம் எது என்ற கேள்விக்கு இந்த மரபு தந்த மிகக் கச்சிதமான விடைகளில் ஒன்று இது. பிளாஸ்மாவில் துகள்கள் நிற்காமல் மோதிக்கொண்டிருக்கும், எதையும் நினைவில் வைக்க விடாது. காந்தப்புலக் கோடுகள் முறுக்கிக்கொண்டு, முடிச்சிட்டுக்கொண்டு, ஒப்பீட்டளவில் நெடுநேரம் நிற்கும்.

கதைக்கு வெளியே அறிவியலாளர்களும் இந்தப் பக்கம் எட்டிப்பார்த்திருக்கிறார்கள். ஜெரால்டு ஃபைன்பெர்க்கும் ராபர்ட் ஷபீரோவும் 1980இல் எழுதிய நூலில், விண்மீனுக்குள் காந்த விசைகளால் கட்டுண்டு வாழக்கூடியவற்றைப் ‘பிளாஸ்மோப்’ என்றார்கள். 2007இல் வாடிம் சிட்டோவிச்சும் கூட்டாளிகளும் பிளாஸ்மாவில் மிதக்கும் தூசித் துகள்கள் திருகுசுருளாய் அமைந்து, பிரிந்து, தம்மைப் போன்ற இன்னொன்றை உண்டாக்கக்கூடும் என்று கணினி உருவகப்படுத்தலில் காட்டினார்கள். 2020இல் லூயிஸ் அன்கோர்தோகியும் யூஜின் சுத்னோவ்ஸ்கியும், காந்த ஒருமுனைகள், அதாவது ஒரே முனை மட்டும் கொண்ட காந்தத் துகள்கள், அண்ட இழைகளில் மணிமாலைபோல் கோக்கப்பட்டு, விண்மீனுக்குள் தம்மைப் பெருக்கிக்கொள்ள முடியுமா என்று கணக்கிட்டுப் பார்த்தார்கள். ஒருமுனையும் இதுவரை கண்டுபிடிக்கப்படவில்லை, அண்ட இழையும் கண்டுபிடிக்கப்படவில்லை. இவை உயிர் இருக்கிறது என்பதற்கான சான்றுகள் ஆகா. ஆனால் இவர்களில் யாரும் வெறும் ஒளியை உயிர் என்று சொல்லவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். தூசி, காந்தம், இழை என்று ஆளுக்கொரு பாத்திரத்தோடுதான் வந்தார்கள்.

உடலை உதறியவர்கள்

இனி எதிர்க்கட்சி. விண்ணில் பிறக்காமல், உடலோடு பிறந்து பிறகு உடலை உதறி ஒளியானவர்கள். கிளார்க்கே இந்தக் கட்சியிலும் இருக்கிறார். 1968இல் வந்த ‘2001: எ ஸ்பேஸ் ஒடிசி’ நாவலில் மனிதனுக்கு அறிவூட்டியவர்கள் முதலில் தசையிலிருந்து எந்திரத்துக்கு மாறி, பிறகு எந்திரத்தையும் விட்டுவிட்டுக் கதிர்வீச்சாகவே வாழக் கற்கிறார்கள். 1967 மார்ச்சில் ஒளிபரப்பான ‘ஸ்டார் டிரெக்’ தொடரின் ஓர் அத்தியாயத்தில், ஆர்கானியா கோளின் சாதுவான கிராமத்துப் பெரியவர்கள் இரண்டு பேரரசுகளின் போரை ஒரு நொடியில் நிறுத்துகிறார்கள். எல்லோர் ஆயுதங்களும் கையில் பிடிக்க முடியாதபடி கொதிக்கத் தொடங்குகின்றன. பிறகு பெரியவர்கள் கண்கூசும் ஒளியாகி மறைகிறார்கள். தொலைக்காட்சிக்கு இது வசதியும்கூட. வேற்றுக்கோள்வாசிக்கு முகமூடி செய்யச் செலவாகும். வெளிச்சத்துக்கு ஒரு விளக்கு போதும்.

இவர்களுக்கு ஊர் இல்லை, பசி இல்லை, சாவு இல்லை. அதனால் கதையும் இல்லை. தெய்வம் வந்து தீர்த்துவைத்துவிட்டுப் போவதோடு முடிந்துவிடுகிறது. இந்தச் சிக்கலை உணர்ந்து எழுதியவர் ஐசக் அசிமோவ். 1965இல் வந்த ‘ஐஸ் டூ மோர் தேன் சீ’ மிகச் சிறிய கதை. எண்ணற்ற ஆண்டுகளுக்கு முன்பே உடலை விட்டு ஆற்றலாகிவிட்ட இருவர். அவர்களில் ஒருவர் விளையாட்டாகப் பொருளைத் திரட்டி ஒரு மனிதத் தலையைச் செய்து பார்க்கிறார். மற்றவருக்கு நினைவு திரும்புகிறது. அதில் கண்ணீரைச் சேர்க்கிறார். தாங்கள் ஒருகாலத்தில் ஆணும் பெண்ணுமாய் இருந்தது நினைவுக்கு வந்ததும் இருவராலும் அதைத் தாங்க முடியவில்லை. விலகி ஓடுகிறார்கள். தலை மட்டும் அழுதபடி அங்கே கிடக்கிறது. சாகாத ஒளிக்குத் துக்கம் தரவேண்டும் என்றால், அது முன்பு சாகக்கூடியதாய் இருந்தது என்று காட்டுவதைத் தவிர வழியில்லை என்பதை அசிமோவ் சில பக்கங்களில் நிறுவிவிட்டார்.

தமிழ் வாசகருக்கு இங்கே ஒரு நெருடல் வரும். உடல் ஒளியாவது நம் மரபில் இழப்பு ஆகாது, பேறு. வடலூர் இராமலிங்க அடிகள் 1874 ஜனவரி 30 அன்று மேட்டுக்குப்பம் சித்திவளாகத்தில் அறைக்குள் சென்று கதவைச் சாத்திக்கொண்டார். உடல் ஒளியில் கலந்தது என்பது அன்பர்களின் நம்பிக்கை. அவர் பேசிய மூவகை உடம்புகளில் பிரணவ தேகம் கண்ணுக்குத் தெரியும், கைக்கு அகப்படாது என்பார்கள். அப்படியே ஒரு பேயின் வருணனை போல இருக்கிறது, ஆனால் அச்சத்தின் நிழல்கூட அதில் இல்லை. காரணம் எளிது. வள்ளலாரின் ஒளியுடம்பு போகும் திசையில் அருள் காத்திருக்கிறது. அசிமோவின் ஒளியுயிர் போகும் திசையில் எதுவும் இல்லை, எல்லாம் பின்னால்தான் இருக்கிறது. ஒளி ஒன்றே, திசைதான் வேறு.

இரண்டு கட்சியையும் கலந்து வென்ற ஒன்றைச் சொல்லலாம். ‘வார்ஹாமர் 40,000’ என்ற மேசைப் போர் விளையாட்டின் பேரண்டத்தில் ‘கட்டான்’ எனப்படுபவை விண்மீன்களின் ஆற்றலை உறிஞ்சி வாழ்ந்த ஆதி உயிர்கள். நெக்ரோன்டிர் என்ற குறுகிய ஆயுள்கொண்ட இனம் அவற்றுக்கு உயிருள்ள உலோகத்தால் உடல் செய்து கொடுக்கிறது. பாத்திரம் கிடைத்ததும் அவை ருசி கண்டுவிடுகின்றன. விண்மீனை விட்டுவிட்டு உயிர்களைத் தின்னத் தொடங்குகின்றன. உடலை உதறுவது உயர்வு என்று எல்லோரும் சொன்னதைத் திருப்பிப் போட்டு, உடல் கிடைத்ததே கேடு என்று சொன்ன கதை.

யாருக்கு யார் பேய்?

சி. எஸ். லூயிஸ் 1938இல் எழுதிய ‘அவுட் ஆஃப் த சைலண்ட் பிளானெட்’ நாவலில் எல்டில் என்னும் உயிர்கள் கடைக்கண்ணில் மட்டும் படும் மங்கிய வெளிச்சமாக வருகின்றன. சுவரை ஊடுருவிப் போகின்றன. செவ்வாய்க் கோளில் வாழும் ஒருவன் மனித நாயகனுக்கு அதை விளக்குகிறான். அவற்றுக்கு ஒளிதான் தொட்டுணரக்கூடிய பொருள். பாறையும் தசையும் அவற்றுக்கு மேகம்போல மெலிந்தவை. அவை சுவரை ஊடுருவுவதாக நமக்குத் தோன்றுகிறது. அவற்றின் கண்ணில் சுவர் என்பதே புகை. அந்தக் கணக்கில் ஆவியாய் அலைவது நாம்.

ஸ்டீபன் பாக்ஸ்டர் தன் ஸீலி வரிசைக் கதைகளில் இதை இன்னும் ஒரு படி கொண்டுபோகிறார். அங்கே வரும் ஃபோட்டினோ பறவைகள் கரும்பொருளால் ஆனவை. ஒளியோடு அவற்றுக்குத் தொடர்பே கிடையாது, ஈர்ப்போடு மட்டும்தான். விண்மீன்களின் மையத்தில் கூடுகட்டி, அவற்றை விரைந்து முதுமையடையச் செய்கின்றன. நம் சூரியனை அவை தின்றுகொண்டிருக்கும்போது நமக்கு ஒன்றும் தெரிவதில்லை. ஒளியுயிர் மரபு முழுவதும் எதை நோக்கிப் போய்க்கொண்டிருந்ததோ அதன் மறுகோடி இது: ஒளியே இல்லாத பேய், அதற்கு இரையாகும் ஒளி.

மெய்யான வானிலும் ஒரு பேய் உண்டு. 2007இல் நெதர்லாந்தின் பள்ளி ஆசிரியை ஹானி வான் ஆர்கல், கேலக்ஸி ஜூ என்ற பொதுமக்கள் ஆய்வுத் திட்டத்துக்காக விண்மீன் மண்டலங்களின் படங்களை வகைபிரித்துக்கொண்டிருந்தபோது, ஒன்றின் பக்கத்தில் விளங்காத ஒரு வெளிச்சக் கறையைக் கண்டு இது என்ன என்று கேட்டார். ஏறத்தாழ 65 கோடி ஒளியாண்டு தொலைவில் மிதக்கும் பெரும் வாயுத்திரள் அது. அருகிலுள்ள மண்டலத்தின் மையத்தில் ஒருகாலத்தில் குவாசர் என்னும் பேரொளி மூலம் ஒன்று கொழுந்துவிட்டு எரிந்தது, பிறகு அடங்கிவிட்டது. அதன் ஒளி பட்டுப் பச்சையாய் ஒளிர்வது மட்டும் இன்னும் நிற்கவில்லை. ‘ஹானியின் பொருள்’ என்ற அர்த்தத்தில் டச்சு மொழியில் ‘ஹானிஸ் வூர்வெர்ப்’ என்றே பெயர் நிலைத்துவிட்டது. விளக்கு அணைந்தபின் அறையில் நிற்கும் வெளிச்சம். வாயு அங்கே இல்லாதிருந்தால் அந்த ஒளி யார் கண்ணிலும் படாமல் கடந்துபோயிருக்கும். அதற்கும் ஒரு பாத்திரம் தேவைப்பட்டது.

கணப்பருகே

இவ்வளவையும் சேர்த்துப் பார்த்தால் தேர்வு சுலபமாகிறது. பிறப்பிடம் எழுதப்பட்ட ஒளியுயிருக்குப் பாத்திரம் உண்டு, பாத்திரம் உள்ளதற்குத் தாங்கும் வெப்பம் என்று ஓர் அளவு உண்டு, அந்த அளவுக்கு வெளியே சாவு உண்டு. புதனின் இருளில் விறைத்ததும், ஏரி மாவட்டத்துக் கல்லில் உறைந்து கிடந்ததும், சூரியனைத் தேடி வந்த மேகமும் நம்மை ஏதோ செய்வதற்குக் காரணம் அவற்றின் வெளிச்சம் அல்ல. அவற்றின் வீடு நமக்குத் தெரியும். அங்கிருந்து எவ்வளவு தூரம் வந்துவிட்டன என்பதும் தெரியும். பிறப்பைச் சொல்லாமல் பிரகாசத்தை மட்டும் எழுதியவர்களின் ஒளியுயிர்கள் மேடை விளக்கோடு அணைந்துவிட்டன.

ஸ்டேபிள்டனின் சுடர் கேட்டது பெரிதொன்றும் இல்லை, கொஞ்சம் சூடான இடம். கேட்கப்பட்டவனுக்கோ அது ஓர் உலகத்தையே எரிக்கும் கோரிக்கையாகப் பட்டது. இரண்டு பேரும் பொய் சொல்லவில்லை. ஒருவர் உயிர்வாழும் வெப்பம் மற்றவருக்குத் தீ, மற்றவர் உயிர்வாழும் வெப்பம் இவருக்குக் கல்லறை. இருவரும் சந்திக்கக் கூடிய இடம் கணப்பின் விளிம்பில் ஓர் அங்குலம்தான் இருந்தது. அதையும் தண்ணீர் ஊற்றி அணைத்துவிட்டுத்தான் அவன் கடிதம் எழுத உட்கார்ந்தான்.